அது கவரிங் தாலி இல்லை

சரவணா,

சாப்பிட்டாயா, உடம்புக்கு எப்படி இருக்கிறது என்றெல்லாம் இந்தத் தடவை கேட்கப் போவதில்லை. வியாழக்கிழமை போனில் நீ போட்ட சத்தத்திலேயே நீ தெம்பாக இருப்பது தெரிந்துவிட்டது. போனில் நான் ஒரு வார்த்தை சொன்னால் நீ ஒன்பது வார்த்தை சொல்கிறாய். கடிதத்தில் நீ இடையில் புக முடியாது, அதனால்தான் எழுதுகிறேன். இருபத்திரண்டு வருஷம் தல்லாகுளத்துக் கோர்ட்டில் டைப் அடித்தே பழகிய கை, பேனா பிடித்தால் எழுத்து கோணிக்கொண்டு போகிறது. பொறுத்துக்கொண்டு கடைசி வரைக்கும் படி. படத்தைப் பாதியில் நிறுத்தியது மாதிரி இதையும் பாதியில் வைத்துவிடாதே.

நீ சொன்னதை நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று முதலில் பார்த்துவிடுவோம். திருமங்கலத்துக் கேபிள்காரர் லோக்கல் சேனலில் திருமண வாழ்த்து, காதுகுத்து வாழ்த்து போட்டோக்களுக்கு நடுவில் நான் நடித்த குறும்படத்தைப் போட்டுவிட்டார். அதை நீ கட்டிக்கொள்ளப்போகிற தேன்மொழியின் பெரியப்பா பார்த்துவிட்டார். புருஷன் உயிரோடு இருக்கும்போது பொட்டை அழித்து, தாலியைக் கழற்றுகிற மாதிரி நடித்த பொம்பளை மணவறையில் தாலித் தட்டை எடுத்துக் கொடுக்கக் கூடாது என்று உனக்குப் போன் போட்டிருக்கிறார். நீ பதறிப்போய், "அது கவரிங் தாலி மாமா, சும்மா டூப்பு" என்று சமாதானம் சொல்லியிருக்கிறாய். சரி, அப்படியானால் கோயிலில் வைத்துப் பரிகாரமாகப் புதுத் தாலி கட்டிக்கொள்ளட்டும், இனிமேல் நடிக்க மாட்டேன் என்று ஒரு வார்த்தை சொல்லட்டும், தட்டை உன் அத்தை எடுத்துக் கொடுக்கட்டும் என்று அவர் இறங்கி வந்திருக்கிறார். "ஒரே ஒரு வார்த்தைதானம்மா, சொல்லிட்டுப் போங்களேன்" என்று நீ என்னிடம் கேட்டாய். மாப்பிள்ளையின் தாய் கூறைப்பட்டையும் தாலியையும் தட்டில் வைத்து எடுத்துக் கொடுப்பதுதான் நம் வகையறாவில் வழக்கம். அந்த உரிமையை விட்டுக்கொடு, கூடவே படத்தையும் விட்டுக்கொடு என்கிறாய். இவ்வளவுதானே?

முடியாது. முதலில் அதைச் சொல்லிவிட்டேன். ஏன் முடியாது என்பதுதான் மீதிக் கடிதம்.

உனக்கு நான் நடிக்கப் போனதே ஒரு கிறுக்குத்தனமாகத்தான் தெரிகிறது. நாற்பத்தேழு வயதில் என்னடா இது கூத்து என்று உன் சிநேகிதர்கள் சிரித்திருப்பார்கள். வாடிப்பட்டிக் கதிரேசன் கல்யாண வீடியோ எடுக்கிறவன். எங்கள் ஆபீஸ் பஞ்சவர்ணத்தின் மகள் கல்யாணத்தை அவன்தான் எடுத்தான். பெண்ணைக் காரில் ஏற்றி அனுப்பும்போது எல்லாரும் காமிராவைப் பார்த்து அழுதார்களாம், நான் மட்டும் ஓரமாக நின்று கையில் இருந்த தாம்பூலப் பையின் முடிச்சை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டிக்கொண்டு இருந்தேனாம். அந்தக் கேசட்டைப் போட்டுப் போட்டுப் பார்த்துவிட்டு நேராகக் கோர்ட்டு வாசலுக்கு வந்துவிட்டான். "அக்கா, கல்யாணத்துல மூஞ்சி மூஞ்சியா எடுத்து எனக்குச் சலிச்சுப் போச்சுக்கா. எல்லாம் போட்டோவுக்குச் சிரிக்கிற சிரிப்பு. ஒரு ரூம்பு, ஒரு ஜன்னல், ஒரு ஆளு. பாட்டு இல்ல, வசனம் இல்ல. பத்து நிமிஷம் நீங்க சும்மா இருக்கணும், அம்புட்டுத்தான்" என்றான். போடா வேலையத்தவனே என்று விரட்டிவிட்டேன். மறுவாரமும் வந்தான். உன் அப்பாதான், "சும்மா இருக்கச் சொல்லி ஒருத்தன் கூப்பிடுறான். நம்ம வீட்ல அது என்னைக்கு நடந்துச்சு? போயிட்டு வாயேன்" என்றார்.

சும்மா இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று அப்போதுதான் தெரிந்தது. முதல் படத்தில் போனில் ஒரு சேதியைக் கேட்டுக்கொண்டு இருக்க வேண்டும், ஒரு பேச்சும் கிடையாது. நம் வீட்டு அடுப்படியில்தான் எடுத்தான். நான் கண்ணைக் கசக்கினேன், உதட்டைக் கடித்தேன், நெஞ்சில் கை வைத்தேன். எனக்கே அருமையாக இருப்பதாகத் தோன்றியது. அவன் காமிராவை அணைத்துவிட்டு, "அக்கா, இது சினிமாக்கா. இது வேணாம்னுதான நான் உங்களத் தேடி வந்தேன்" என்றான். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. போய் உட்கார்ந்துவிட்டேன். அப்போது சாட்சிக் கூண்டில் பார்த்த ஒரு முகம் நினைவுக்கு வந்தது.

லாரி மோதிப் புருஷனைப் பறிகொடுத்த ஒரு பெண், உன்னைவிடச் சின்ன வயதுதான் இருக்கும். கூண்டில் ஏறுவதற்கு முன்னால் வராந்தாவில் அவளுடைய வக்கீலே, "கொஞ்சம் அழுங்கம்மா, அப்பத்தான் கேஸ் நிக்கும்" என்று சொன்னதை நான் என் காதால் கேட்டேன். அவளுக்கு அழுகை வரவில்லை. கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லிக்கொண்டே கூண்டுக் கட்டையில் படிந்திருந்த தூசியை முந்தானையால் துடைத்துக்கொண்டே இருந்தாள். துடைத்த இடத்தையே திரும்பத் திரும்பத் துடைத்தாள். எதிர்த்தரப்பு வக்கீல், நீங்கள் புருஷனோடு வாழவே இல்லை, அதனால்தான் துக்கமே இல்லை என்றார். "இல்லை, அது சரியல்ல" என்று அவள் சொன்னதை டைப் அடித்தேன். யாராவது அழுதால், சாட்சி அழுகிறார் என்று அடைப்புக்குறிக்குள் அடிப்போம். அவள் கட்டையைத் துடைத்ததை அடிக்க எங்கள் மெஷினில் இடம் இல்லை. எத்தனையோ வருஷம் அப்படி எத்தனையோ பேரை விட்டுவிட்டேன். அந்தப் பாவத்துக்குத்தான் நான் நடிக்கிறேன் என்று வைத்துக்கொள். கதிரேசன் மறுபடி காமிராவைப் போட்டபோது நான் ஒன்றும் செய்யவில்லை, போன் வயரை மட்டும் விரலால் நீவிக்கொண்டு இருந்தேன். எடுத்து முடித்ததும் அவன் போய் முகம் கழுவிவிட்டு வந்தான்.

இப்போது உன்னிடம் இரண்டு குற்றத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். ஒன்று பழையது. நீ ஏழாம் வகுப்புப் படிக்கும்போது உன்னோடு படித்த ராஜா கண்மாயில் மூழ்கிச் செத்துப்போனான். நீ மூன்று நாள் அழுதாய். நாலாம் நாள் காலையில் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும் நேரத்தில் மறுபடி ஆரம்பித்தாய். எனக்கு ஆபீசுக்கு நேரமாகிவிட்டது. உன் தோளைப் பிடித்து உலுக்கி, "ஆம்பளப் புள்ள இப்படியா அழுகுறது? பக்கத்து வீட்ல என்ன நினைப்பாங்க?" என்று கத்தினேன். நீ டக்கென்று நிறுத்திவிட்டாய். அதற்குப் பிறகு நீ அழுது நான் பார்த்ததே இல்லை. பரவாயில்லை, பிள்ளை தேறிவிட்டான் என்று பெருமைப்பட்டுக்கொண்டேன், முட்டாள். வியாழக்கிழமை நீ போனில், "நாலு பேரு என்னம்மா நினைப்பாங்க?" என்று கேட்டபோது எனக்கு உன்மேல் கோபம் வரவில்லை. நான் விதைத்ததுதான், வேறு யாரைத் திட்டுவது?

இரண்டாவது குற்றம் புதியது. அது கவரிங் தாலிதானேம்மா என்று நீ கேட்டாய். ஆமாம் என்றேன். நீ அதை நம்பி அவர்களிடமும் சொன்னாய். அது பொய் சரவணா. அது என் தாலிதான்.

இந்தத் தாலிப் படத்தின் கதையை நீ முழுசாகப் பார்க்கவில்லை, அதனால் சொல்கிறேன். புருஷன் செத்துப் பதினாறாம் நாள். விடிந்தும் விடியாமலும் ஒரு அறையில் ஒருத்தி இருக்கிறாள். கொஞ்ச நேரத்தில் சொந்தக்காரப் பெண்கள் வந்து கையைப் பிடித்து எல்லாவற்றையும் உருவப் போகிறார்கள். அவர்கள் வருவதற்கு முன்னால் அவளே பொட்டை அழிக்கிறாள், தாலியைக் கழற்றிப் பித்தளைத் தட்டில் வைக்கிறாள், கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். பிறகு முகம் கழுவி, கண்ணாடி பார்த்து, ஒரு பொட்டை எடுத்து வைத்துக்கொண்டு போய்க் கதவைத் திறக்கிறாள். பதினோரு நிமிஷம், அவ்வளவுதான் படம். முதலில் கவரிங் தாலியை வைத்துத்தான் எடுத்தோம். ஆறு தடவை எடுத்தான். ஆறு தடவையும், "கை பொய் சொல்லுதுக்கா" என்றான். எனக்கும் தெரிந்தது. கடையில் வாங்கியதைக் கழற்றுகிற மாதிரித்தான் கழற்றிக்கொண்டு இருந்தேன்.

அப்போது உன் அப்பாதான் சொன்னார். அவர் அன்றைக்கு லைட் பாய். ஜன்னல் வெளிச்சத்தை என் முகத்தில் திருப்புவதற்கு ஒரு தெர்மாகோல் அட்டையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். "இந்தா பாரு, கையில அட்டைய வச்சுக்கிட்டு எம்புட்டு நேரம் நிக்கிறது? அதையே கழட்டு. எனக்கு ஒண்ணும் ஆகாது. முப்பது வருஷம் பஸ்ஸுல தொங்கிட்டு வந்தவன் நானு, கயிறு கழண்டா போயிருவேன்?" என்றார். நான் மாட்டேன் என்றேன். கதிரேசனும், "வேணாம்ணே, விடுங்கண்ணே" என்று பதறினான். உன் அப்பா கேட்கவில்லை.

ஆடிப்பெருக்குக்குக் கயிறு மாற்றும்போதுகூடப் புதுசைக் கட்டிக்கொண்ட பிறகுதான் பழசைக் கழற்றுவோம். இருபத்தெட்டு வருஷத்தில் இந்தக் கழுத்து ஒரு நிமிஷம்கூட வெறுமையாக இருந்தது கிடையாது. கழற்றித் தட்டில் வைத்தேன். பயம் வரும், பதறும் என்று நினைத்தேன். முதலில் வந்தது அது இல்லை. கழுத்து லேசாக இருந்தது. அந்த லேசு நன்றாக இருந்தது. ஐயோ, இது நன்றாக இருக்கிறதே என்று தெரிந்த பிறகுதான் பயம் வந்தது, அதற்குப் பின்னால் வெட்கம் வந்தது, உன் அப்பா எதிரில் நிற்கிறாரே என்று அழுகை வந்தது. எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து முட்டியது. அந்த முகம்தான் படத்தில் இருக்கிறது. உன் அப்பாமேல் எனக்கு இருக்கிற பிரியத்துக்கும் அந்த லேசுக்கும் சண்டை ஒன்றும் கிடையாது, இரண்டும் எனக்குள்தான் இருக்கின்றன. இதை உன்னிடம் சொல்லக் கூசுகிறது. கூசினாலும் சொல்லிவிட்டேன்.

படத்தில் ஓர் இடத்தில் வெளிச்சம் ஆடும். பார்த்தவர்கள் எல்லாம் அந்த உத்தியை என்னமாய்ப் பாராட்டினார்கள் தெரியுமா! உத்தியும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. உன் அப்பாவின் கை நடுங்கியது. எடுத்து முடித்ததும் கதிரேசன் காமிராவை அணைத்துவிட்டு வெளியே போய் நின்றுகொண்டான். உன் அப்பா அட்டையைக் கீழே வைத்துவிட்டு வந்து, தாலியை எடுத்து என் கழுத்தில் கட்டினார். முதல் தடவை ஊரைக் கூட்டி மேளம் கொட்டிக் கட்டினார், அன்றைக்கு நான் தலையை நிமிர்த்தி அவரைப் பார்க்கக்கூட இல்லை. இந்தத் தடவை பார்த்தேன். பரிகாரம் பரிகாரம் என்கிறாயே, எனக்கு அதற்குமேல் ஒரு பரிகாரம் தேவையில்லை.

இதையெல்லாம் உனக்கு எழுதிவிட்டுச் சும்மா இருக்க எனக்கு மனசு வரவில்லை. பொய் உன் வாயால் அந்த வீட்டுக்குப் போயிருக்கிறது, சொல்லிக் கொடுத்தவள் நான். அதனால் நேற்று ஆபீசுக்கு லீவு போட்டுவிட்டு நானும் உன் அப்பாவும் பஸ் ஏறித் திருமங்கலம் போனோம். உன்னிடம் கேட்கவில்லை. கேட்டால் போக விடமாட்டாய்.

பெரியப்பா மரியாதையாகத்தான் வரவேற்றார். காப்பி வந்தது. குடிப்பதற்கு முன்னால் சொல்லிவிட்டேன். "அண்ணே, என் மகன் உங்ககிட்டச் சொன்னது அவனுக்குத் தெரிஞ்சது. தெரியாதது ஒண்ணு இருக்கு. அது கவரிங் இல்ல, என் கழுத்துல கிடக்குற இந்தத் தாலிதான். பரிகாரம் பண்ணிக்க மாட்டேன். நடிக்காம இருக்கவும் மாட்டேன். உங்ககிட்டப் பொய்ய வச்சுக்கிட்டுச் சம்பந்தம் பண்ண வேணாம்னு சொல்லத்தான் வந்தேன்" என்றேன். மனுஷர் ஆடிப்போய்விட்டார். என்னிடம் பேசாமல் உன் அப்பா பக்கம் திரும்பி, "என்ன மச்சான் இது? ஆம்பள நீங்க இதப் பாத்துக்கிட்டா இருந்தீக?" என்றார். உன் அப்பா காப்பியை ஆற்றிக்கொண்டே, "பாத்துக்கிட்டு இல்ல மச்சான், வெளிச்சம் புடிச்சுக்கிட்டு இருந்தேன்" என்றார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அடக்கிக்கொண்டேன். பெரியப்பா சிரிக்கவில்லை. "தங்கச்சி, நான் கெட்டவன் இல்ல. தகப்பன் இல்லாத புள்ளைய நான் கட்டிக் குடுக்குறேன். நாளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா ஊரு என்னையத்தான் கேக்கும். மாப்ள வந்து சொல்லட்டும், அப்புறம் முடிவு பண்ணுவோம்" என்றார். அவர் பயமும் எனக்குப் புரிந்தது. கும்பிட்டுவிட்டு எழுந்தோம்.

செருப்பு மாட்டும்போது தேன்மொழியின் அம்மா வாசல் வரைக்கும் வந்தார். நாங்கள் பேசின அவ்வளவு நேரமும் அவர் உள் அறையை விட்டு வெளியே வரவே இல்லை. மகள் கல்யாணத்தைப் பற்றி அவரை யாரும் ஒரு வார்த்தை கேட்கவும் இல்லை. மெதுவாக என் கையைப் பிடித்துக்கொண்டு, "மதினி, டிவில நானும் பாத்தேன். மச்சான் பாதியில எந்திரிச்சுப் போயிட்டாரு, நான் கடைசி வரைக்கும் பாத்தேன்" என்றார். "எனக்கு நாலு பேரு கையப் புடிச்சுக்கிட்டு வளையல உடைச்சாக மதினி. தேனுக்கு ஒம்பது வயசு, கதவு இடுக்குல நின்னு பாத்துக்கிட்டு இருந்தா. நாமளே கழட்டி வச்சிருக்கலாம்ல? எனக்கு அது தோணாமப் போச்சே மதினி, தோணாமப் போச்சே" என்று சொன்னார். அழவில்லை. என் கையை மட்டும் விடவில்லை.

இந்த அம்மாள் தன் மகள் கல்யாணத்தில் எங்கே நிற்பார் என்று நீ யோசித்திருக்கிறாயா? நான் யோசிக்கவில்லை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்கு என் தட்டு, என் உரிமை, என் படம் இதுதான் பெரிதாக இருந்தது. சமையல் கூடத்துப் பக்கம் ஒரு நாற்காலியில் உட்கார வைத்திருப்பார்கள், நானும் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு அவரைத் தாண்டிப் போயிருப்பேன். அங்கேயே, அந்த வாசலிலேயே, பெரியப்பா காதில் விழும்படி சொன்னேன். "மதினி, தட்ட எடுத்துக் குடுக்குறதுன்னா நாம ரெண்டு பேருந்தான் எடுத்துக் குடுப்போம். நீங்க ஒரு பக்கம் புடிங்க, நான் ஒரு பக்கம் புடிக்கிறேன். அதுக்கு ஒத்துக்கிட்டா நான் மணவறைக்கு வாரேன். இல்லாட்டி உங்க பக்கத்துல ஒரு நாற்காலி போட்டு உக்காந்துக்கிறேன்." பெரியப்பா துண்டை உதறிப் போட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டார். உன் அப்பா, "வந்த வேலை ஒண்ணு, இழுத்துக்கிட்டது ரெண்டு" என்று முணுமுணுத்தார். ஆனால் நடக்கும்போது என் பையை அவரே வாங்கிக்கொண்டார்.

ஆக என் முடிவு இதுதான். படம் ஓடும். அடுத்த மாதம் மதுரையில் இன்னொரு இடத்தில் போடுகிறார்கள், நான் போய் முன்வரிசையில் உட்காருவேன். உன் கல்யாணம் முடிந்த மறுவாரம் கதிரேசன் அடுத்த படம் தொடங்குகிறான், சரி என்று சொல்லிவிட்டேன். உன் கல்யாணத்துக்கு வருவேன். நின்றாலும் உட்கார்ந்தாலும் தேன்மொழியின் அம்மாவோடுதான். இதில் எதையும் உன்மேல் உள்ள கோபத்தில் சொல்லவில்லை. நீ என் ஒரே பிள்ளை, உன் கல்யாணம் நின்றுபோனால் முதலில் உடைந்து போகிறவள் நான்தான். அது தெரிந்துதான் சொல்கிறேன்.

இன்னும் ஒன்று இருக்கிறது. அதைச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் எழுதினேன். பஸ் ஸ்டாண்டில் நாங்கள் நின்றபோது தேன்மொழி வேகமாக நடந்து வந்தாள். வெயிலில் வந்ததில் முகமெல்லாம் சிவந்திருந்தது. உன் அப்பா, "என்னத்தா, நடந்தா வந்த?" என்றார். அவள் என்னைப் பார்த்து நின்றாள். நான்தான் முந்திக்கொண்டு, சரவணனிடம் நான் பேசுகிறேன், நீ கவலைப்படாதே என்றேன்.

"நீங்க பேச வேணாம் அத்த" என்றாள். "பெரியப்பாகிட்ட நீங்க பேசிட்டீங்க. எங்கம்மாவுக்காகவும் நீங்கதான் பேசுனீங்க. அவரு இன்னும் ஒண்ணுமே பேசல அத்த. எங்கம்மா எங்க நிக்கணும்னு அவரு வாயால வரணும். அதக் கேக்காம நான் எப்படி அத்த கழுத்த நீட்டுறது?"

பஸ் வந்துவிட்டது. நான் அவளுக்குப் பதில் சொல்லவில்லை. கேட்டது என்னை இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் பெரியப்பா வீட்டில்தான் இருப்பார். தேன்மொழியும் இருப்பாள், அவள் அம்மாவும் இருப்பார். போய்ப் பதில் சொல்லிவிட்டு வா.

உன் அம்மா